வேலி சொல்லும் சரித்திரம்



சரித்திரம் என்றதும் கோட்டைகளும் போர்க்களங்களும் அரண்மனைகளுமே நம் மனக்கண்முன் வந்து நிற்கின்றன. கோட்டைச் சுவர்களைப் பற்றிப் புத்தகங்கள் பல உண்டு. தோட்டத்து வேலியைப் பற்றிப் பேசுவார் குறைவு. ஆனால் சற்று எண்ணிப் பாருங்கள். கோட்டை கட்டியவன் அரசன் ஒருவன். வேலி கட்டியவர்கள் எண்ணற்ற குடியானவர்கள். எதை உள்ளே வைத்துக் காப்பது, எதை வெளியே நிறுத்துவது என்று ஒவ்வொரு தலைமுறையும் எடுத்த முடிவு அதன் வேலியில் பதிந்திருக்கிறது. ஆகவே வேலியையும் ஒரு சாசனமாகப் படிக்கலாம் என்பது என் கருத்து.

நான் ஓசூரை அடுத்த மத்திகிரியில் வசிப்பவன். கடல்மட்டத்திற்கு ஏறக்குறைய மூவாயிரம் அடி உயரத்தில், கன்னட நாட்டின் எல்லையோரம் அமைந்த ஊர் இது. இன்று ஓசூர் மாநகராட்சியின் ஒரு பகுதியாக விளங்குகிறது. தமிழும் கன்னடமும் தெலுங்கும் ஒரே தெருவில் ஒலிக்கும். ஒருபுறம் தொழிற்சாலைகள், மறுபுறம் கேழ்வரகுக் கொல்லைகள், அவற்றிற்கும் அப்பால் யானைகள் உலவும் காடு. வேலியின் கதையை ஆராய இதைவிடப் பொருத்தமான ஊர் கிடைப்பது அரிது.

முதலில் அந்தச் சொல்லையே எடுத்துக்கொள்வோம். வேலி என்றால் காவல், அடைப்பு. அதே சொல் தமிழில் ஒரு நில அளவையாகவும் வழங்கியது. இருபது மா கொண்டது ஒரு வேலி. இன்றைய கணக்கில் ஆறரை ஏக்கருக்குச் சற்று அதிகம். சோழர் காலத்துக் கல்வெட்டுக்களில் கோயிலுக்கு விட்ட நிலங்களையெல்லாம் வேலிக் கணக்கிலும், மாக் கணக்கிலும், முந்திரி என்னும் நுட்பமான பின்னக் கணக்கிலும் எழுதி வைத்திருக்கிறார்கள். முந்திரி என்பது முந்நூற்றிருபதில் ஒரு பங்கு. காவலுக்குரிய சொல்லே அளவைக்கும் பெயராக வழங்கிய மொழி நம்முடையது.

பயிருக்கு வேலி இட்டதைப் போலவே மாட்டுக்கும் வேலி இட்டார்கள். தொழு, பட்டி, கிடை என்ற சொற்கள் யாவும் ஆடுமாடுகளை அடைத்து வைக்கும் இடங்களைக் குறிப்பவை. நம் நாட்டில் 'பட்டி' என்று முடியும் ஊர்ப் பெயர்கள் எத்தனை என்று எண்ணிப் பாருங்கள். அந்நாளில் மாடே செல்வம். 'மாடு' என்ற சொல்லுக்குச் செல்வம் என்ற பொருளும் உண்டு. ஆநிரை கவர்வதும் அதை மீட்பதும் போரின் முதற்படியாகக் கருதப்பட்டன. கிருஷ்ணகிரி, தருமபுரிப் பகுதிகளில் வயலோரங்களில் காணப்படும் நடுகற்களுள் பல, ஆநிரை காக்கும் போரில் மாண்ட வீரர்களுக்காக நாட்டப்பட்டவை. வேலி உறுதியாக இல்லாத இடத்தில் ஓர் இளைஞனின் உடலே வேலியாக நின்றது என்பதை அக்கற்கள் நமக்குச் சொல்கின்றன.

குடியானவன் பயிரைக் காத்தது போலவே அரசன் நகரைக் காத்தான். அரணின் உறுப்புக்களைக் கூறும் வள்ளுவர் நீர், நிலம், மலை ஆகியவற்றோடு காட்டையும் சேர்த்துச் சொல்கிறார். கோட்டையைச் சுற்றி வளர்த்த அந்தக் காவற்காட்டை ஒருவகையில் மாபெரும் உயிர்வேலி எனலாம். இம்முறை பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதிவரை நம் எல்லைப்புறத்தில் வழக்கில் இருந்தது. 1791 மார்ச்சு மாதம் காரன்வாலிஸ் பிரபுவின் படை பெங்களூரை முற்றுகையிட்டபோது, அந்நகரின் பேட்டையைச் சுற்றி மூங்கிலும் முட்செடிகளும் அடர்ந்த அகன்ற வேலி ஒன்று இருந்தது. அவ்வாண்டிலேயே ஓசூர்க் கோட்டையும் ஆங்கிலேயர் வசமாயிற்று. 1792 பிப்ரவரியில் சீரங்கப்பட்டணத்தை இரவு வேளையில் தாக்கியபோதும், முதலில் அவர்கள் கடக்க வேண்டியிருந்தது முள்வேலியையே. அவ்வாண்டு உடன்படிக்கையினால் கிருஷ்ணகிரியை உள்ளிட்ட பாராமகால் கும்பெனியின் கைக்குப் போயிற்று. 1799இல் திப்பு சுல்தான் வீழ்ந்தபின் ஓசூர்ப் பகுதியும் போயிற்று.

போர் ஓய்ந்தது, கும்பெனிப் படைக்குக் குதிரைகள் வேண்டியிருந்தன. 1824ஆம் ஆண்டில் மத்திகிரியில் படைக்குதிரை நிலையம் ஒன்று நிறுவப்பட்டது. ரிமவுண்டு டிப்போ என்பது அதன் பெயர். இங்குள்ள குளிர்ந்த காற்றும் புல்வெளியும் குதிரைகளுக்கு ஏற்றவையாக இருந்தன. சரியாக நூறு ஆண்டுகள் கழிந்தபின், 1924இல், அந்நிலையம் கால்நடை இலாகாவின் பொறுப்புக்கு மாறியது. குதிரை இருந்த இடத்துக்கு மாடு வந்தது. 1,600 ஏக்கருக்கு மேற்பட்ட பரப்புடைய ஓசூர்க் கால்நடைப் பண்ணை என்று நாம் அறிவது அதுவே. தென்னிந்தியக் கால்நடைகளைப் பற்றி 1936இல் நூல் வெளியிட்ட லிட்டில்வுட் என்ற அதிகாரியின் பெயரும் இப்பண்ணையோடு தொடர்புடையது.

குதிரைக்கு இடும் வேலியும் மாட்டுக்கு இடும் வேலியும் ஒன்றல்ல. குதிரை அஞ்சும் இயல்புடையது. வெருண்டால் நாலுகால் பாய்ச்சலில் ஓடும். மெல்லிய கம்பி அந்த ஓட்டத்தில் அதன் கண்ணுக்குப் புலப்படாது. பாய்ந்து மோதி மார்பைக் கிழித்துக்கொள்ளும். ஆகையால் உலகெங்கும் குதிரை வளர்ப்போர், தூரத்திலிருந்தே தெரியும்படி அகன்ற மரச்சட்டங்களைக் கொண்ட வேலியை விரும்புகிறார்கள். மாடு அவ்வாறு பாயாது. அது நின்று நிதானமாக வேலியின்மேல் கழுத்தை வைத்துச் சாய்க்கும், உடம்பை உரசும், அடுத்த கொல்லைப் பயிருக்காக நாக்கை நீட்டும். எனவே மாட்டுவேலி அழுத்தத்தைத் தாங்க வேண்டும். வேலி கட்டுகிறவன் முதலில் அறிய வேண்டியது மரத்தின் குணத்தையல்ல. வேலிக்கு அப்புறம் நிற்கும் பிராணியின் குணத்தை.

இந்த அறிவில் தேர்ந்தவர்கள் நம் கொங்கு நாட்டு விவசாயிகள். காங்கேயம் பகுதியில் 'கொரங்காடு' என்ற மேய்ச்சல் நிலமுறை ஒன்று உண்டு. மழை குறைந்த அந்தப் பூமியில் நிலத்தைப் பகுதி பகுதியாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் சுற்றி முள்ளுக்கிளுவையை வேலியாக நட்டார்கள். மழைக்கு முன்னே கிளுவைப் போத்துக்களை நெருக்கமாக ஊன்றிவிட்டால் அவை வேர்பிடித்து, சில ஆண்டுகளில் ஆடும் நுழைய முடியாத அடர்ந்த அரணாகிவிடும். உள்ளே கொழுக்கட்டைப் புல். இடையிடையே நிழலுக்கும் காய்க்கும் வெள்வேல மரம். ஒரு பகுதியில் மேய்ந்த மாட்டை மறு பகுதிக்கு மாற்றினால், முன்னதில் புல் மீண்டும் தழைக்கும். மேய்ப்பவன் நாள்முழுதும் காவல் நிற்க வேண்டியதில்லை. பழையகோட்டைப் பட்டக்காரர் நல்லதம்பி சர்க்கரை மன்றாடியார் போன்றவர்கள் காங்கேயம் காளையின் இனத்தைப் பேணிப் புகழ்பெறச் செய்தார்கள் என்றால், அந்தக் காளைக்குப் பின்னால் கிளுவை வேலி நிற்கிறது.

இரண்டு வேலிகளுக்கு நடுவே செல்லும் பாதையைக் கொங்கு நாட்டார் 'இட்டேரி' என்பார்கள். வண்டியும் மாடும் போகும் வழி அது. அதோடு கௌதாரிக்கும் கீரிக்கும் பச்சோந்திக்கும் உறைவிடம். மூலிகை பறிப்பதற்கும் இட்டேரிக்குத்தான் போவார்கள். இன்னொருவர் நிலத்தில் கால் வைக்காமல் ஊர் முழுவதும் சுற்றிவர இட்டேரி உதவியது. வேலி மக்களைப் பிரித்தது என்பது பாதி உண்மை; அதே வேலி பொதுவழியையும் காத்துக் கொடுத்தது என்பது மறுபாதி.

கடல் கடந்து யாழ்ப்பாணத்தைப் பார்ப்போம். அங்கே வேலிக்கு ஊன்றும் உயிருள்ள கம்புகளைக் 'கதியால்' என்று சொல்வார்கள். கிளுவை, பூவரசு, முள்முருக்கு ஆகியவற்றின் கதியால்களை வரிசையாக நட்டு, அவற்றின்மீது பனையோலையையோ தென்னங்கிடுகையோ வரிந்து கட்டுவார்கள். ஓலை பழுதானால் வேலியை மறுபடி அடைப்பார்கள். கழித்த ஓலை தோட்டத்திற்கு எருவாகும். கதியாலின் தழையும் ஆட்டுக்குத் தீனியாகவும் மண்ணுக்கு உரமாகவும் பயன்படும். அயல்வீட்டாரோடு போக்குவரத்து வைத்துக்கொள்ள வேலியில் ஒரு சிறு வழி விடுவதும் உண்டு. அதற்குப் 'பொட்டு' என்று பெயர். வேலியை அடைக்கும்போதே உறவுக்கு ஒரு திறப்பு விட்ட இந்தப் பண்பு போற்றத்தக்கது.

எல்லா வேலிகளும் இவ்வாறு நன்மைக்கே எழுந்தன என்று சொல்வதற்கில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கில ஆட்சியினர் உப்புவரிக்காகவே ஒரு வேலி வளர்த்தார்கள். வரி குறைந்த பகுதிகளிலிருந்து வரி மிகுந்த பகுதிக்கு உப்பு திருட்டுத்தனமாக வராதபடி, சிந்து நதிப் பக்கத்திலிருந்து மகாநதிப் பக்கம்வரை சுமார் 2,300 மைல் நீளத்துக்குச் சுங்க எல்லை ஒன்றை அமைத்து, ஏறக்குறைய 12,000 பேரைக் காவலுக்கு வைத்தார்கள். அந்த எல்லையின் பெரும் பகுதியில் கருவேலும் இலந்தையும் களாவும் கள்ளியும் மூங்கிலும் சேர்ந்த முள்வேலி நின்றது. நல்ல நிலையில் இருந்த இடங்களில் 10 முதல் 14 அடி உயரம். 1867 முதல் 1870 வரை இந்தச் சுங்க இலாகாவின் தலைவராக இருந்து இவ்வேலியை வளர்த்தவர் ஆலன் ஆக்டேவியன் ஹியூம். பிற்காலத்தில், 1885இல், காங்கிரஸ் மகாசபை தோன்ற முன்னின்றவரும் அவரே! ஏழையின் கஞ்சிக்கு வேண்டிய உப்பைத் தடுத்த அந்த வேலி 1879இல் கைவிடப்பட்டது. அடுத்து வந்த தலைமுறைகள் அதை அடியோடு மறந்துவிட்டன. ராய் மாக்சம் என்பவர் அதன் சுவடுகளைத் தேடி அலைந்து 2001இல் ஒரு நூல் வெளியிட்ட பிறகே உலகம் அதை மீண்டும் அறிந்தது.

மேல்நாட்டிலும் வேலிக்குத் தனிச் சரித்திரம் உண்டு. அமெரிக்காவில் குடியேறியவர்கள் காடு திருத்தும்போது கிடைத்த மரங்களைப் பிளந்து, நீண்ட சட்டங்களை வளைந்து வளைந்து செல்லுமாறு ஒன்றன்மேல் ஒன்று அடுக்கி வேலி அமைத்தார்கள். அதற்குக் குழியும் வேண்டாம், ஆணியும் வேண்டாம். இளமையில் அவ்வாறு வேலிச்சட்டம் பிளந்தவர் என்பதையே ஆபிரகாம் லிங்கனின் பெருமையாக 1860ஆம் ஆண்டுத் தேர்தலில் எடுத்துரைத்தார்கள். மேற்கே மரமற்ற புல்வெளிக்கு மக்கள் சென்றபோது மரத்துக்குப் பஞ்சம் வந்தது. 1874இல் இல்லினாய் நாட்டு விவசாயி ஜோசப் கிளிடன் முள்கம்பிக்கு உரிமை பெற்றார். அந்தக் கம்பி பரந்த மேய்ச்சல் வெளிகளைத் துண்டாடியது. பிறகு உலகப் போர்க்களங்களுக்கும் சென்றது. இறுதியில் நம் கொல்லைகளுக்கும் வந்து சேர்ந்தது.

இத்தனை நூற்றாண்டு அனுபவத்தையும் ஒரு சிறு தோட்டத்தில் வைத்துப் பார்க்க விரும்பினேன். வீட்டுக்குப் பின்னால் கீரையும் ரோஜாவும் வைத்திருக்கும் என் தோட்டத்தின் ஒரு பக்கத்துக்கு, அறுபது அடி நீளத்தில், நானே மரவேலி கட்டினேன். அந்த முறையை உங்களுக்கும் சொல்லுகிறேன். கைவேலை தெரிந்த மாணவர் எவரும் இதைச் செய்யலாம்.

முதல் வேலை எல்லையை அறிவது. கும்பெனிக் காலத்தில் தொடங்கிய நில அளவை, நாளடைவில் ஒவ்வொரு புலத்துக்கும் எண்ணும் படமும் எல்லைக்கல்லும் கொடுத்தது. 1923ஆம் ஆண்டின் நில அளவை, எல்லைகள் சட்டம் இன்றும் இதற்கு அடிப்படை. புலப்படத்தைப் பார்த்துக் கல்லைக் கண்டு, அடுத்த நிலத்துக்காரரையும் உடன் வைத்துக்கொண்டு கயிறு பிடிக்க வேண்டும். வேலிச் சண்டைகளுள் பெரும்பாலானவை இந்த ஒரு காலைப் பொழுதைச் செலவிடாததால் வருபவை.

அடுத்தது கணக்கு. ஆறடிக்கு ஒரு கால் என்று வைத்தால் அறுபது அடிக்கு எத்தனை கால்கள் வேண்டும்? பத்து என்று சட்டென்று சொல்லிவிடுவீர்கள். இடைவெளிகள் பத்து, கால்கள் பதினொன்று. நிலத்துக்குமேல் நான்கடி உயரம் வேண்டுமானால், நிலத்துக்குள் இரண்டடி இருக்க வேண்டும். காலின் நீளத்தில் மூன்றில் ஒரு பங்கு மண்ணுக்குள் என்பது நல்ல விதி. ஒவ்வோர் இடைவெளிக்கும் மேலொன்று கீழொன்றாகக் குறுக்குச் சட்டங்கள் இருபது. மூன்று அங்குல அகலப் பலகைகளை மூன்று அங்குல இடைவெளி விட்டு அறைந்தால், ஆறு அங்குலத்துக்கு ஒன்றாக நூற்றிருபது பலகைகள்.

மரத்தைத் தேர்ந்தெடுப்பதில் கவனம் வேண்டும். எந்த மரமானாலும் வெளிப்புற வெள்ளைப் பகுதியைக் கரையான் முதலில் தின்னும். உள்ளே வைரம் பாய்ந்த பகுதியே நிலைக்கும். தேக்கும் வேங்கையும் நெடுநாள் உழைக்கும். சவுக்குக் கம்பு மலிவு. மருந்து ஏற்றாமல் மண்ணில் ஊன்றினால் விரைவில் இற்றுவிடும். இங்கே ஓர் உண்மையைக் கவனியுங்கள். ஊன்றிய கால் அடிமுனையில் இற்பதைவிடத் தரைமட்டத்திலேயே முதலில் இற்றுப்போகிறது. மரத்தை அரிக்கும் பூஞ்சணத்துக்கு ஈரமும் வேண்டும், காற்றும் வேண்டும். இரண்டும் ஒருங்கே கிடைக்கும் இடம் தரைமட்டம். ஆகவே காலின் அடியைத் தரைக்குமேல் அரையடி வரும்வரை தார் பூசிக் காயவைக்க வேண்டும். மரத்தின் மேற்பரப்பைக் கருக்கி ஊன்றும் வழக்கமும் பழமையானது. ரோமாபுரிச் சிற்ப நூலாசிரியர் விட்ருவியஸ் கருக்கிய மரத்தூண்களைப் பற்றிக் கூறுகிறார். அதன் பயன் ஓரளவே. தாருக்கு அது முழு ஈடாகாது.

குழியின் அடியில் நாலு அங்குலம் சரளைக்கல் போட்டு, அதன்மேல் காலை நிறுத்துங்கள். நீர் கீழே வடிந்துவிடும். முதலில் இரு கோடிக் கால்களையும் தூக்குக்குண்டு பிடித்து நேராக நிறுத்தி, அவற்றுக்கிடையே மேலும் கீழும் நூல் கட்டினால், மற்றக் கால்கள் அந்நூலைத் தொட்டும் தொடாமலும் வரிசையாக வந்து நிற்கும். மண்ணைக் கொஞ்சங்கொஞ்சமாகப் போட்டுக் கடப்பாரையால் இடித்து இறுக்க வேண்டும். காலைச் சுற்றி மண்ணைச் சற்று மேடாக அணைத்தால் மழைநீர் விலகி ஓடும். காலின் தலையைச் சரிவாகச் சீவினால் அங்கும் நீர் தங்காது. பலகையின் அடி தரையைத் தொடாமல் இரண்டு அங்குலம் உயர்ந்து நிற்கட்டும். கரையான் புற்று ஏறினால் உடனே கண்ணில் படும். துத்தநாகம் பூசிய ஆணியே துருப்பிடிக்காது.

படலுக்கு, அதாவது வேலிக் கதவுக்கு, ஒரு நுட்பம் உண்டு. கதவு நாளடைவில் தாழ்ப்பாள் பக்கம் தொங்கிவிடும். இதைத் தடுக்கக் குறுக்கே ஒரு சாய்சட்டம் அடிப்பார்கள். அது எந்தத் திசையில் சாய வேண்டும்? கீழ்க்கீல் இருக்கும் மூலையில் தொடங்கி, எதிர்ப்பக்கத்து மேல்மூலைக்குச் செல்ல வேண்டும். அப்போது கதவின் எடை சட்டத்தை நெருக்கித் தள்ளி, கீழ்க்கீலின் வழியே கம்பத்துக்குப் போய்ச் சேரும். மரம் நெருக்குதலை நன்றாகத் தாங்கும். மாறாகச் சட்டத்தை மேல்கீலிலிருந்து கீழ்நோக்கி அடித்தால், இழுப்பினால் ஆணிகள் மெல்லக் கழன்றுவிடும். பௌதிகப் பாடத்தில் நீங்கள் படிக்கும் விசையின் கணக்கு இந்தச் சிறு கதவில் வேலை செய்கிறது. எங்கள் வட்டாரத்தில் கருங்கல்லை நீளமாகப் பிளந்து கல்தூண்களை வேலிக்கு நடுகிறார்கள். அவற்றைக் கரையானும் ஈரமும் அணுகா. கல்தூணும் மரச்சட்டமும் சேர்ந்த வேலி இம்மண்ணுக்கு ஏற்றதே.

வேலியைப் பற்றிய சட்டமும் ஒரு பாடமே. பயிரில் புகுந்த கொண்டி மாட்டைப் பிடித்து அடைக்கும் கொண்டித்தொழு பற்றிய அத்துமீறிய கால்நடைச் சட்டம் 1871இல் வந்தது. தன் பயிரை நாசமாக்கிய மாட்டைக் கூட விவசாயி அடித்துக் கொல்லலாகாது. பிடித்துத் தொழுவில் ஒப்படைக்க வேண்டும். மாட்டுக்காரர் தண்டம் செலுத்தி மீட்பார். ஆத்திரத்துக்கும் தண்டனைக்கும் நடுவே ஒரு முறையை வைத்தது அந்த ஏற்பாடு.

வேலியே பயிரை மேய்ந்தது என்று ஒரு பழமொழி சொல்வார்கள். அது சரித்திரத்திலும் நடந்தது. வேலிக்கென்று நட்ட சப்பாத்திக்கள்ளி சென்னை மாகாணத்தில் பரவி, விளைநிலத்தையும் மேய்ச்சல் நிலத்தையும் விழுங்கிற்று. 1926இல் இலங்கையிலிருந்து கொணர்ந்த ஒரு சிறு செதிற்பூச்சியே அதை அடக்கியது. உண்ணிச்செடியின் கதையும் இத்தகையதே. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அழகுச் செடியாக இந்நாட்டுக்கு வந்து, வேலிச் செடியாகவும் நடப்பட்டு, இன்று நம் காடுகளுக்குள் புதராக மண்டிக் கிடக்கிறது. அது மண்டிய இடத்தில் புல் முளைப்பதில்லை.

புல் குறைந்தால் யாருக்குக் குறை? இங்கேதான் வேலியின் கதை நம் காலத்துக்கு வந்து சேருகிறது. பன்னேர்கட்டாக் காடுகளிலிருந்து யானைக் கூட்டங்கள் ஆண்டுதோறும் மழைக்காலம் முடியும் வேளையில் தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கத்துக் காடுகளுக்கு வருகின்றன. கேழ்வரகு கதிர் முற்றும் காலமும் அதுவே. ஆறு மாத உழைப்பை ஓரிரவில் இழக்கும் குடியானவரின் துயரத்தை நகரத்தில் இருப்போர் எளிதாக எண்ணக்கூடாது. யானையால் உயிரிழந்த குடும்பங்களும் இங்கே உண்டு. இந்தக் காடுகளைக் காக்க 2014இல் காவிரி வடக்கு வனவிலங்கு சரணாலயமும், 2022இல் காவிரி தெற்கு வனவிலங்கு சரணாலயமும் அறிவிக்கப்பட்டன. காடு சரணாலயமாயிற்று, கொல்லையின் காவல் மட்டும் கொல்லைக்காரர் பொறுப்பிலேயே நின்றது.

அந்தக் காவலுக்காகச் சிலர் செய்யும் காரியம் கொடியது. வீட்டு மின்சாரத்தை நேராகக் கம்பியில் பாய்ச்சி விடுகிறார்கள். 2023 மார்ச்சு மாதம் தருமபுரி மாவட்டம் மாரண்டஅள்ளி அருகே அத்தகைய கம்பியில் சிக்கி மூன்று பெண்யானைகள் மாண்டன. உடன் வந்த இரு குட்டிகள் பிழைத்து, தாய்மாரின் உடல்களைச் சுற்றிச் சுற்றி வந்தன. இவ்வாறு கட்டிய கம்பியை இரவில் அறியாமல் மிதித்து மாண்ட மனிதர்களும் நாட்டில் பலர். அவ்வாண்டே தமிழக அரசு மின்வேலிகளைப் பதிவு செய்யவும் ஒழுங்குபடுத்தவும் விதிகள் வகுத்தது.

சட்டத்துக்கு உட்பட்ட மின்வேலிக்கும் இந்தக் கொலைக் கம்பிக்கும் உள்ள வேறுபாட்டை மாணவர்கள் தெளிவாக அறிய வேண்டும். முன்னதில் ஒரு கருவி, விநாடிக்கு ஒருமுறை போல, கண்ணிமைக்கும் நேரத்திலும் மிகக் குறைந்த நேரத்துக்கு மின்துடிப்பை அனுப்புகிறது. தொட்ட விலங்கு சுரீரென்ற வலியோடு விலகிவிடும். துடிப்புக்குத் துடிப்பு இடைவெளி இருப்பதால் தசை விடுபட நேரம் கிடைக்கிறது. பின்னதில் மின்சாரம் இடைவிடாமல் பாய்கிறது, தசை இறுகிக் கம்பியை விடாது, இதயம் நின்றுவிடும். முன்னது எச்சரிக்கை, பின்னது கொலை. வேறு வழிகளும் இல்லாமலில்லை. ஓசூர் வனப்பகுதியின் ஓரங்களில் எஃகுக் கயிற்று வேலி அமைத்திருக்கிறார்கள். ஆப்பிரிக்காவின் கென்யா நாட்டில் தேன்கூடுகளைக் கம்பியில் தொங்கவிட்டு வேலி செய்கிறார்கள். யானை கம்பியை அசைத்தால் தேனீக்கள் கிளம்பும். யானை தேனீக்கு அஞ்சும். விவசாயிக்குத் தேனும் கிடைக்கிறது. அங்கேயும் முதலில் ஆராய்ந்தது பிராணியின் குணத்தையே என்பதைக் கவனியுங்கள்.

கிளுவை வேலியும் கதியால் வேலியும் மரவேலியும் எதிரே வருவதைப் பார்த்து 'நில்' என்று சொல்லும் வேலிகள். சொல்லைக் கேளாமல் நுழைந்தாலும் ஒரு முள் கீறும், ஒரு சட்டம் முறியும், அவ்வளவுதான். திருட்டு மின்கம்பி 'நில்' என்றும் சொல்லாது. இருட்டில் பதுங்கியிருந்து உயிரை எடுக்கும். அதை வேலி என்று அழைப்பதே தமிழுக்குச் செய்யும் அநியாயம் என்பேன், அது பொறி. பயிரைக் காக்கும் உரிமை விவசாயிக்கு முழுமையாக உண்டு. பறிபோன பயிருக்குத் தாமதமின்றி ஈடு கொடுக்கும் கடமை அரசுக்கும், அந்தக் கேழ்வரகை உண்ணும் நமக்கும் உண்டு. இரண்டும் நிறைவேறினால்தான் பொறிகள் மறையும்.

மத்திகிரியைச் சுற்றிக் கொல்லைகள் வீட்டு மனைகளாகி வருகின்றன. கிளுவையும் கல்தூணும் இருந்த இடங்களில் உயர்ந்த சுவர்கள் எழுகின்றன. பழைய வேலிகளின் பெயர்களும் செடிகளும் கட்டும் முறைகளும் முதியவர்களின் நினைவில் மட்டும் நிற்கின்றன. விடுமுறையில் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு உங்கள் ஊரைச் சுற்றி நடந்து பாருங்கள். எந்த நிலத்துக்கு எந்த வேலி, அதில் எந்தச் செடி, அதற்கு ஊரில் வழங்கும் பெயர் என்ன, அதை யார் எப்போது நட்டார்கள் என்று தாத்தா பாட்டிமாரைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். நாற்பது பக்கம் நிறைந்தால், எந்தக் கல்வெட்டிலும் காணாத உங்கள் ஊர்ச் சரித்திரத்தின் ஓர் அத்தியாயம் உங்கள் கையில் இருக்கும்.